அந்த வெண்ணெயைத் தொடாதே

புதன்கிழமை, மாலை

அன்புள்ள சிட்டுவுக்கு, அப்பா எழுதிக்கொள்வது. இங்கே எனக்கும் அம்மாவுக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை. அங்கே உனக்கும் ஒன்றும் இருக்கக் கூடாது. எப்போதும் வழக்கத்துக்காக எழுதுகிற வரிதான் இது, இன்றைக்கு வேண்டுதலாக எழுதுகிறேன். மற்றதெல்லாம் அப்புறம். திங்கட்கிழமை உன் கம்பெனி வண்டியில் அனுப்பிய பார்சலில் ஆறு வெண்ணெய் பாக்கெட் இருக்கும். அதைத் தொடாதே. பிரித்திருந்தால் வாயில் வைக்காதே. சாப்பிட்டிருந்தால் மேலே படித்துக்கொண்டு நிற்காமல் உன் மேலதிகாரியிடம் சொல்லி வண்டி எடுத்துக்கொண்டு பெரிய ஆஸ்பத்திரிக்குப் போ. கீழ் வீட்டு நர்ஸம்மா எழுதிக் கொடுத்த சீட்டை இதோடு குத்தியிருக்கிறேன், டாக்டரிடம் அதைக் காட்டினால் போதும், அவருக்குப் புரியும்.

நடந்தது இதுதான். சுரங்க முகாமில் கொடுக்கிற ரொட்டியைக் கதவுக்கு முட்டுக் கொடுக்கலாம் என்று நீ எழுதியிருந்தாய் அல்லவா, அதைப் படித்ததிலிருந்து எனக்கு ஒரே யோசனை. இத்தனை நாளும் உனக்குப் பார்சல் அனுப்புவது அம்மாதான், நான் முகவரி எழுதிக் கயிறு கட்டுவதோடு சரி. தொழிற்சாலையில் முப்பத்திரண்டு வருஷம் யார் யாரோ செய்ததையெல்லாம் பேக் பண்ணி அனுப்பினேன், நான் செய்த ஒன்றை என் பெண்ணுக்கு நானே கட்டி அனுப்பலாமே என்று ஆசை வந்துவிட்டது. வாரப் பத்திரிகையில் வீட்டிலேயே ஆசியச் சுவை வெண்ணெய் என்று ஒரு பக்கம் போட்டிருந்தார்கள். அம்மாவிடம் காட்டினால், வெண்ணெயும் பாஸ்போர்ட் எடுத்துடுச்சா, நல்லாத்தான் இருக்கு என்றாள். சனிக்கிழமை காலையில் அவளை அடுக்களைக்குள் வர வேண்டாம் என்று சொல்லிவிட்டு க்ரீமை மிக்ஸியில் போட்டு அடித்தேன். வெண்ணெய் திரண்டு வந்ததும் மோரை வடித்து, ஐஸ் தண்ணீரில் மூன்று தடவை கழுவி, துணியில் வைத்துப் பிழிந்து எடுத்தேன். பாதியில் சோயா சாஸ், வறுத்த எள்ளில் எடுத்த எண்ணெய், துருவிய இஞ்சி. மறு பாதியில் எலுமிச்சைத் தோல் சீவல், மிளகாய்த்தூள், பொடிப்பொடியாக நறுக்கிய வெங்காயத்தாள். இரண்டிலும் பூண்டு, அதுவும் பச்சைப் பூண்டு, கை தாராளமாகவே போட்டேன். கிண்ணத்தில் ஒட்டியிருந்ததை வழித்து அப்போதே ரொட்டியில் தடவி அம்மாவுக்குக் கொடுத்தேன். ஒரு வார்த்தை பாராட்டவில்லை, ஆனால் இரண்டு துண்டு தின்றுவிட்டு மூன்றாவதற்குக் கை நீட்டினாள். எனக்குத் தலை கால் புரியவில்லை.

அந்தப் பத்திரிகையிலேயே கடைசியில் ஒரு வரி இருந்தது. ஃப்ரிட்ஜில் வைத்து இரண்டு மூன்று நாளில் சாப்பிட்டுவிட வேண்டும் என்று. அதை நான் படிக்காமல் இல்லை சிட்டு. படித்தேன். பேக்கிங் தெரியாதவர்களுக்காக எழுதியது என்று நினைத்துக்கொண்டேன். நான் வேலையிலிருந்து ஓய்வு பெற்றபோது தொழிற்சாலையில் கழித்துப் போட்ட சீல் மெஷினை எனக்குக் கொடுத்தார்களே, பரண் மேல் கிடந்தது, அதை இறக்கித் துடைத்து ஒவ்வொரு உருண்டையையும் பிளாஸ்டிக் உறையில் போட்டுக் காற்றைச் சுத்தமாக உறிஞ்சி எடுத்து சீல் போட்டேன். காற்றுப் புகாவிட்டால் எதுவும் கெடாது, இந்த ஒரு பாடத்தை வைத்துத்தான் முப்பத்திரண்டு வருஷம் சோறு தின்றேன். அம்மா, வெயில் இப்படிக் காயுது, வண்டி அங்கங்கே சரக்கு இறக்கிட்டுப் போய்ச் சேர ஒன்றரை நாள் ஆகும், தாங்குமா என்று கேட்டாள். உனக்கு என்ன தெரியும் என்று வாயை அடைத்துவிட்டேன். மொத்தம் ஏழு பாக்கெட். ஆறு உனக்கு. ஏழாவதில் தேதி எழுதி அடுப்புக்கு மேல் அலமாரியில் வைத்தேன். தொழிற்சாலையில் எந்தச் சரக்கு வெளியே போனாலும் ஒன்றை மாதிரிக்கு எடுத்து வைப்போம், பின்னால் புகார் வந்தால் பார்ப்பதற்கு. அந்தப் பழக்கம் விடவில்லை.

இன்று மத்தியானம் அந்த மாதிரியை எடுத்தேன். உப்பியிருந்தது. சின்னத் தலையணை மாதிரி. சீல் விட்டுப்போய்க் காற்றுப் புகுந்துவிட்டது என்று நினைத்து, வேலையில் செய்த மாதிரியே தண்ணீர் வாளிக்குள் அமுக்கிப் பார்த்தேன். ஒரு குமிழிகூட வரவில்லை. சீல் கல் மாதிரி இருக்கிறது. அந்த நிமிஷம் எனக்குப் பெருமையாக இருந்தது சிட்டு, இப்போது நினைத்தால் என்னையே செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போலிருக்கிறது. வெளியிலிருந்து காற்றுப் போகவில்லை என்றால் உள்ளே என்ன ஊதியது என்று அப்புறம்தான் தோன்றியது. பாக்கெட்டை எடுத்துக்கொண்டு கீழே ஓடினேன். நர்ஸம்மா டூட்டி முடிந்து அப்போதுதான் வந்திருந்தார். கையில் வாங்கிக்கூடப் பார்க்கவில்லை. உள்ளே என்ன போட்டீங்க என்று கேட்டார். பூண்டு என்றதும் முகம் மாறிவிட்டது. அய்யா, பூண்டு மண்ணுக்குள்ள வெளையறது, மண்ணுல இருக்கிற ஒரு கிருமி அதோட வரும், காத்து இருக்கிற வரைக்கும் அது சும்மா கெடக்கும், நீங்க காத்தை எடுத்துட்டு வெண்ணெய்க்குள்ள மூடி வெதுவெதுப்பா வெச்சா அதுக்கு அதுதான் வேணும், வெஷத்தைக் கக்க ஆரம்பிச்சுடும் என்றார். மோந்து பார்த்தால் தெரியாதா என்று கேட்டேன். வாசனையும் வராது, ருசியும் மாறாது, உப்பாத பாக்கெட்டையும் நம்ப முடியாது என்றார். சாப்பிட்டால் என்ன ஆகும் என்று நான் கேட்பதற்குள் அவரே சொன்னார். முதலில் கண்ணில் தெரியுமாம். ஒன்று இரண்டாகத் தெரியும், இமை தானாகச் சரியும், பேச்சுக் குழறும், விழுங்க முடியாது. அப்புறம் மூச்சு. சாப்பிட்ட அன்றைக்கே வரலாம், நாலைந்து நாள் கழித்தும் வரலாம். சீக்கிரம் போனால் மருந்து இருக்கிறது என்றார். சீக்கிரம் என்பதை இரண்டு தடவை சொன்னார்.

நீ சுரங்கத்துக்குள் ஒயர் இழுக்கிறவள். கரண்டில் கை வைக்கிற வேலை. ஒன்று இரண்டாகத் தெரிந்தால் தூக்கக் கலக்கம் என்று கண்ணைக் கசக்கிக்கொண்டு மறுபடி வேலை பார்ப்பாய், எனக்குத் தெரியும்.

உங்கள் முகாமில் ஃபோன் எடுக்காது, வயர்லெஸ்தான் உண்டு என்பதால் நேரே கம்பெனி ஆபீசுக்குப் போனேன். அங்கே இருக்கிற கிளார்க் நான் சொன்னதைக் கேட்டுவிட்டுச் சிரித்தான். பெரியவரே, வெண்ணெய் சாப்பிடாதேன்னு வயர்லெஸ்ல சொன்னா என்னைத்தான் ஒரு மாதிரியாப் பார்ப்பாங்க என்றான். கெஞ்சினேன். சரி சரி, காலையில லைன் கிடைச்சதும் சொல்றேன் என்று செய்தித்தாள் ஓரத்தைக் கிழித்து வெண்ணெய் என்று ஒரு வார்த்தை எழுதினான். உன் பெயரைக்கூட எழுதவில்லை. அதனால்தான் இந்தக் கடிதம். நாளை காலை வண்டியில் டிரைவர் கையிலேயே கொடுக்கப் போகிறேன்.

அம்மா என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. நான் சொல்லி முடித்ததும் அடுப்பை அணைத்துவிட்டு உட்கார்ந்தாள், புள்ள நேத்தே அதைத் தின்னிருக்குமோ என்றாள், அவ்வளவுதான். அவளைப் பற்றி நீ கவலைப்படாதே, அவள் சாப்பிட்டது செய்த அன்றைக்கே, பயமில்லை என்று நர்ஸம்மா சொல்லிவிட்டார். சித்திக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது, பச்சைக் கண்ணாடி போட்டுக்கொண்டு போலீஸ்காரி மாதிரி உட்கார்ந்திருக்கிறாள். குளியலறைக் குழாய் ஒழுகுவது நிற்கவில்லை. இதையெல்லாம் ஏன் எழுதுகிறேன் என்று தெரியவில்லை, எழுதிக்கொண்டே இருந்தால் நீ கேட்டுக்கொண்டிருக்கிற மாதிரி இருக்கிறது. பாக்கெட்டைத் தூக்கி எறியும்போது நாய்க்கும் போடாதே. கத்தி வைத்து வெட்டியிருந்தால் கத்தியைக் கொதிக்கிற தண்ணீரில் போடு. உன் அறைத் தோழிகளுக்குக் கொடுத்திருந்தால் கூச்சப்படாமல் சொல், எங்கப்பா தெரியாமல் செய்துவிட்டார் என்றே சொல். என் மானம் போனால் போகட்டும். அப்பா முதன்முதலாகச் செய்து அனுப்பியது, குப்பையில் போட மனசு வரவில்லை என்று எதையாவது எடுத்து வைத்தாயோ, அதைவிடப் பெரிய துரோகம் நீ எனக்குச் செய்ய முடியாது.

வியாழக்கிழமை

கையெழுத்து கோணலாக இருக்கும், வண்டி குலுங்குகிறது. காலையில் ஆபீசுக்குப் போனபோது அந்தத் துண்டுச் சீட்டு கிளார்க்கின் டீ டம்ளருக்கு அடியில் ஈரமாக ஒட்டிக் கிடந்தது. கேட்டால், லைன் கிடைக்கலை பெரியவரே, சாயந்தரம் பார்க்கலாம் என்கிறான். நான் கடிதத்தை டிரைவரிடம் நீட்டினேன். நீட்டிய கையைப் பின்னால் இழுத்துக்கொண்டேன். அவர் தபால் பையில் போட்டால் அது பையோடு ஏதோ ஒரு மேஜையில் கிடக்கும். டிரைவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு, ஏறுங்க அய்யா, முன் சீட்டு காலிதான், இன்னைக்குச் சரக்கும் இல்லை, நிறுத்தாமப் போனா பொழுது சாயறதுக்குள்ள சேர்ந்துடலாம் என்றார். போட்டிருந்த சட்டையோடு ஏறிவிட்டேன். அம்மாவுக்குச் சொல்லிவிடும்படி நர்ஸம்மாவுக்கு ஃபோன் போட்டேன், அம்மா அங்கேதான் காத்திருந்தாள் போல, அவளே எடுத்தாள், போயிட்டு வாங்க என்றுகூடச் சொல்லவில்லை, பார்த்துட்டு வாங்க என்றாள்.

இப்போது உங்கள் வேலை இடத்து கேட்டுக்கு வெளியே நிற்கிறேன். வெளியாள் உள்ளே வரக் கூடாதாம். நீ ஷிஃப்டில் சுரங்கத்துக்குள் இருக்கிறாயாம். எப்படி இருக்கிறாள் என்று காவலாளியிடம் கேட்டேன், ரெண்டு நாளா நான் பார்க்கலையே என்றார். அவர் சாதாரணமாகத்தான் சொல்லியிருப்பார், நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். இந்தக் கடிதத்தை உன் கையிலேயே கொடுப்பதாகச் சொல்லியிருக்கிறார், மனுஷன் நல்ல மாதிரியாகத் தெரிகிறார். நல்லா இருக்கேன் அப்பா, கவலைப்படாதீங்க என்று அவரிடம் பதில் சொல்லி அனுப்பாதே. அதை நான் நம்ப மாட்டேன். வேலையைப் போட்டுவிட்டு வா. வெயிலில் என் எதிரில் வந்து நின்று இரண்டு கண்ணையும் நன்றாகத் திறந்து காட்டு, என் பெயரைக் குழறாமல் ஒரு தடவை சொல்லு. ஒரு துளி நாக்கில் வைத்திருந்தாலும் மறைக்காதே. வண்டியைத் திருப்பி நிறுத்தியாகிவிட்டது, டிரைவர் எஞ்சினை அணைக்கவில்லை.

நீ நூறு வயது இருக்க வேண்டும். கேட்டுக்கு இறங்குகிற படியில் ஓடி வராதே, பார்த்து இறங்கு.

இப்படிக்கு,
கேட்டுக்கு வெளியே நிற்கும்
உன் அப்பா