சிரிக்காததற்கு ஒரு பிராது

என்னங்க, போன பிறகும் என் பக்கத்திலேயே இருக்கிற உங்களுக்கு,

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டி.வி. முன்னால் இருந்தவர்கள்: நான், உங்கள் தங்கச்சி வசந்தா, எதிர்வீட்டு மேரி அக்கா, சுவரில் படமாக நீங்கள். ஆக நாலு பேர். காமெடியை எழுதிய நம் மகள் அமுதா சென்னையில் இருந்தாள். அவள் பேர் திரையில் ஓடியபோது மேரி அக்கா கண்ணாடியைத் தேடிக்கொண்டிருந்தார். ஸ்கூலுக்கே போகாமல் உங்களிடம் எழுத்துக் கற்ற நான்தான் முதலில் படித்தேன்.

டி.வி.க்குக் காமெடி எழுதுகிற வேலை அவளுக்கு நீங்கள் போன பிறகு கிடைத்தது, அதனால் சொல்கிறேன். எட்டுப் பேர் சுற்றி உட்கார்ந்து சிரிப்பு யோசிப்பார்களாம். அவர்கள் சொல்வதை எழுதி வைப்பதுதான் முதலில் இவள் வேலை. சொந்தமாக எழுதிய சீன் ஒன்றுகூட டி.வி.க்குப் போகவில்லை. போன மாதம் அங்கே பெரியவர், உன் ஊரில் நடந்தது மாதிரி ஒன்று கொண்டுவா, இல்லையென்றால் ஊருக்கே கிளம்பு என்று சொல்லிவிட்டார்.

அமுதா போனில் கேட்டாள்: "அம்மா, அப்பா கட்டின பிராத எழுதட்டுமா?"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. குறை இருக்கிறவர்கள் போலீஸ் ஸ்டேஷனில் கொடுப்பது மாதிரி தாளில் எழுதி, கொளஞ்சியப்பர் கோயிலில் முருகன் வேலில் கட்டுகிற பிராது. ஊரார் நிலத்துக்கும் நோய்க்கும் கட்டுவார்கள். நீங்கள் செராமிக் கம்பெனியிலிருந்து தலையெல்லாம் களிமண் தூளோடு நேரே போய், "என் சம்சாரம் என் ஜோக்குக்கு ஒருநாளும் சிரிக்கவில்லை, விசாரிக்கவும்" என்று எழுதிக் கட்டினீர்கள். ஒரே ஒரு கேள்வி கேட்டுவிட்டு, ஒரு வாரம் நான் உங்களோடு பேசவில்லை.

சாமி காரியத்தில் சிரிப்பு வேண்டாம் என்று அமுதாவிடம் சொல்லிவிட்டேன். "சரிம்மா, அப்ப வூட்டுக்கே வந்துடுறேன்" என்றாள். கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

மறுநாள் கோயிலுக்குப் போய் நின்றேன். வேலில் கத்தை கத்தையாகத் தாள்கள். உங்கள் தாளையும் முருகன் வேண்டாமென்று தள்ளவில்லையே, தள்ள நான் யார்? வெளியே வந்ததும் போன் செய்தேன். "எழுதுடி. சாமிய மட்டும் பேச வெக்காத."

வைக்கவில்லை. டி.வி.யில் புருஷன் பிராதைப் படிக்கிறான், வேல் சும்மா நிற்கிறது. பெண்டாட்டி கேட்கிறாள்: "சிரிக்கலன்னு எழுதிட்டீங்க. சிரிக்கிற மாதிரி என்னிக்காச்சும் ஒண்ணு சொன்னீங்களா?"

அன்று நான் உங்களைக் கேட்டதேதான். எப்படி ஞாபகம் வைத்திருந்தாளோ.

சிரித்துவிட்டேன், கண்ணில் தண்ணீர் வர. வசந்தா உங்கள் படத்தைப் பார்த்து, "அண்ணே, அண்ணி சிரிச்சிட்டாங்க. நாந்தான் சாட்சி" என்றாள். அமுதாவை இன்னும் நாலு சீன் எழுதச் சொல்லியிருக்கிறார்களாம்.

குறை தீர்ந்தால் பிராதைத் திரும்ப வாங்க வேண்டும். கட்டியவர் நீங்கள். உங்கள் பேரில் நான் போகலாமா, இல்லை, இன்னும் கொஞ்ச நாள் அங்கேயே இருக்கட்டுமா?

கனவில் வந்து சொன்னால் போதும். ஜோக்கோடு வந்தாலும் சிரிக்கிறேன், சத்தியம். வெள்ளிக்கிழமைக்குள் பதில் சொல்லுங்க.

உங்கள் சம்சாரம்,
அமுதாவின் அம்மா