அப்பா கையால் ஒரு மாத்தே

ஜூன் 3, செவ்வாய்
ஒப்புக்கொள்கிறேன், பெற்ற அப்பாவின் கெட்டிலைத் திருடி ஓவனுக்குள் ஒளித்துவைத்தது நான்தான். அப்புறம் அதை மறந்து, கோழி சுட ஓவனைப் பற்றவைத்ததும் நான்தான். கைப்பிடி உருகிக் கோழிமேல் சொட்டிவிட்டது. அப்பாவுக்கு எண்பத்து நாலு, கை நடுங்குகிறது, சுடுதண்ணீரைக் கொட்டிக்கொள்வாரோ என்று பயம்.
"நில்தா, என் கெட்டில் எங்கம்மா?" என்றார்.
"ரிப்பேருக்குப் போயிருக்கு."
"கோழியும் கூடப் போச்சா? இப்படி நாறுது."

ஜூன் 4
இந்த வீட்டில் மாத்தே என்ற கசப்பு இலைத் தேநீரை ஒரே குடுவையில் எல்லாருக்கும் ஊற்றுவது அப்பாதான். கசக்கும் முதல் குடுவை ஊற்றுகிறவருக்கு, பிறகு வரிசையாக மற்றவர்களுக்கு. நீதிபதியே வந்தாலும் வரிசை மாறாது. இன்று நான் ஊற்றி நீட்டினேன்.
"தண்ணியக் கொதிக்க விட்டுட்டே. இலை செத்துப்போச்சு" என்றார். "என் வீட்டுலயே என்னை விருந்தாளி ஆக்கிட்டே."
குடிக்கவில்லை.

ஜூன் 7
நாலு நாளாக மாத்தே இல்லை. உருகுவேக்காரன் இப்படி இருந்தால் கடைசி ஜெபத்துக்குப் பாதிரியாரைக் கூப்பிட வேண்டியதுதான். அண்ணன் வால்தேமார் தலைநகரிலிருந்து போன் பண்ணினான். வருவது வருஷத்துக்கு ஒரு தடவை, அக்கறை மட்டும் வாராவாரம்.
"முதியோர் இல்லத்துல சேத்துடலாம். சாப்பாடுகூட ஊட்டி விடுவாங்க. பதினஞ்சாம் தேதி வந்து கூட்டிட்டுப் போறேன்."

ஜூன் 8
அப்பா இன்று சவரம் செய்துகொள்ளவில்லை.

ஜூன் 10
நான் யாரைக் காப்பாத்தறேன்? அவரையா, என் பயத்தையா? — பிளாஸ்க் வாங்கினேன். கனக்கக் கூடாதென்று பாதி நிரப்பி அவர்முன் வைத்தேன்.
"மிச்சம் பாதி எந்த வாரிசுக்கு?"
"கனமா இருக்கும்னு..."
"தீந்தா எழுந்து போய் ரொப்பிக்குவேன். கால் எனக்கும் ரெண்டு இருக்கு."
ஊற்றினார். மேசையில் கொஞ்சம் சிந்தியது. துணியை எடுத்தேன்.
"வை. நான் சிந்தினது, நான் துடைப்பேன்."
சாயங்காலம் சவரம் செய்துகொண்டார். தாடையில் இரண்டு வெட்டு. நான் பார்க்கவே இல்லை.

ஜூன் 15, ஞாயிறு
அண்ணன் வந்தான், இல்லத்தின் படம் போட்ட வழவழ காகிதத்தோடு. அப்பா அதை வாங்கி பிளாஸ்குக்கு அடியில் போட்டுக்கொண்டார், சொட்டுப் பிடிக்க. முதல் குடுவை அவருக்கு, அடுத்தது எனக்கு. அண்ணன் நீட்டிய கை நீட்டியபடி இருந்தது.
"கை நடுங்குதேப்பா."
"அதான் உனக்குக் கடைசில. அதுக்குள்ள பழகிடும்."
அண்ணன் மூன்று குடுவை குடித்தான். இல்லத்தைப் பற்றிப் பேசவில்லை. காகிதத்தைத் திரும்பக் கேட்கவும் இல்லை, ஊறிப்போயிருந்தது.
உதவலாமே என்று பிளாஸ்கை நான் தூக்கினேன். மூடி சரியாக மூடவில்லை. என் இடது பாதத்தில் இரண்டு கொப்புளம். அப்பாதான் மருந்து தடவினார். கை நடுங்கியதால் எல்லா இடத்திலும் நன்றாகப் பரவியது.