நாற்காலியை நகர்த்தாதீர்கள்

மார்ச் 4
நாயகனுக்கு மஞ்சள் காமாலை. மிச்சமிருப்பது ஒரே ஒரு காட்சி: பல வருடம் கழித்து வீடு திரும்பும் மகன், செத்துப்போன அப்பாவின் காலி நாற்காலியைப் பார்த்து அழ வேண்டும். எங்கள் வீட்டு ஹாலில்தான் படப்பிடிப்பு. அவன் வாசலில் நிற்பது வரை எடுத்தாயிற்று. முகம் மஞ்சளாக இருந்தாலும் பரவாயில்லை, நிறத்தைப் பிறகு சரிசெய்துகொள்கிறேன் என்று போனில் சொன்னேன். அவனுடைய அம்மா போனை வைத்துவிட்டார்.

மார்ச் 5
மூன்று வாரம் ஓய்வாம். அதுவரை ஹாலில் ஒரு பொருளும் இம்மி அசையக்கூடாது. நாற்காலிக் கால்களைச் சுற்றிச் சாக்பீஸால் வட்டம் போட்டேன். காலண்டரில் தாள் கிழிக்கக்கூடாது, திரைச்சீலையைத் துவைக்கக்கூடாது.

"நாங்க மூச்சு விடலாமா?" என்றாள் மனைவி.

இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் நான், தயாரிப்பாளரும் நான். படம் முடியாவிட்டால் கல்யாண வீடியோ வேலைக்கே திரும்பிவிடுவதாக அவளிடம் வாக்குக் கொடுத்திருக்கிறேன். பதினொரு வருடம் மாப்பிள்ளைகளிடம் "கொஞ்சம் சிரிங்க சார்" என்று கெஞ்சியவன். இனி என்னால முடியாது. முடியவே முடியாது.

மார்ச் 9
மாமனார் வந்திருக்கிறார். முட்டியில் அறுவை சிகிச்சை. அவர் உட்காரத் தோதான நாற்காலி வீட்டில் ஒன்றுதான். எது என்று எழுத வேண்டியதில்லை.

மார்ச் 10
நகர்த்தாமல் உட்காருங்கள் மாமா என்றேன். டிவி அவர் முதுகுக்குப் பின்னால். என் மனைவியின் கைக்கண்ணாடியைப் பிடித்து அதில் கிரிக்கெட் பார்க்கிறார்.

"என்ன மாப்ள, ஊர்ல இருக்கிற இடதுகைக்காரன் அத்தனை பேரும் ஒரே டீமா?"

மார்ச் 15
கதை என்ன என்று கேட்டார். சொன்னேன்.

"அப்ப நான் செத்துட்டேனா?"

"நீங்க இல்ல மாமா. நாற்காலிக்காரர்."

"நாற்காலியில நான்தானே உக்காந்திருக்கேன்!"



மார்ச் 27
நாயகன் பாதி உடம்போடு வந்தான். நான்கு மணி வெயில் ஹாலில் பத்து நிமிடம்தான் நிற்கும். பார்த்தால், மாமனார் நாற்காலியில் வாயைப் பிளந்து தூங்குகிறார். எழுப்பி, கைத்தடி தேடி, நடத்திக் கூட்டிப்போவதற்குள் வெயில் போய்விடும். ஐயோ, என்னடா பண்றது?

கேமராவை ஓட்டிவிட்டேன்.

அழத் தயாராக வந்தவன் குறட்டையைக் கேட்டுத் திகைத்து நின்றான். பிறகு மெல்லக் குனிந்து அவர் வாயை மூடினான். திறந்துகொண்டது. மறுபடி மூடினான். மறுபடி திறந்தது. சிரித்துக்கொண்டே அழுதான் பாவி. எனக்கும் கண்ணில் நீர். குவியம் சரியாக இருந்ததா என்றுகூடத் தெரியவில்லை.

மார்ச் 28
குவியம் சரியாக இருக்கிறது. இனி படத்தில் அப்பா சாகவில்லை. மாமனாரிடம் சொன்னேன்.

"இப்பதான் கதை மாதிரி இருக்கு" என்றார்.

ஆகஸ்ட் 19
முதல் திரையிடல். நாற்பது பேர். குறட்டைக்குக் கைதட்டல்!

செப்டம்பர் 2
பெரிய இயக்குநர் ஒருவர் அழைத்தார்.

"படம் பார்த்தேன் சார். அசந்துட்டேன்."

"ரொம்ப நன்றி சார்."

"அந்தத் தூங்குறவர் நம்பர் குடுங்க."

செப்டம்பர் 3
சாப்பிடப் பிடிக்கவில்லை.

செப்டம்பர் 5
மாமனார் இயக்குநரிடம் கறாராகச் சொல்லிவிட்டாராம்: "எங்க மாப்ள கேமரா பிடிச்சாத்தான் எனக்குத் தூக்கம் வரும்."

திங்கட்கிழமை முதல் இயக்குநரின் படத்தில் எங்கள் இருவருக்கும் வேலை. பழைய கல்யாண வீடியோ முதலாளிக்கு மனைவியே போன் போட்டு, "அவர் இனிமே வரமாட்டாருங்க" என்றாள்.