துளிர்க்காத அரசாணிக்கால்

1958 ஜூன் 9

கடைக்கு ஆணிச் சரக்கு வந்து இறங்கியது. கடை இருக்கும் ஜாலான் புசார் தெருவிலிருந்து வீடு வர ஏழு மணி. நேரே கொல்லைக்குத்தான் போனேன். அரசாணிக்கால் நட்டபடியே நிற்கிறது. ஒரு துளிர் கிடையாது.

எனக்கும் லீலாவுக்கும் கல்யாணம் நடந்த பந்தலில் வைத்த கல்யாணமுருங்கைக் கிளை. மறுநாளே அம்மா அதைக் கொண்டுவந்து நட்டுவிட்டார். மரமாகிச் சிவப்பாய்ப் பூத்தால் குடும்பம் தழைக்குமாம். துளிர்க்காவிட்டால் என்று கேட்டேன். விறுவிறுவென்று உள்ளே போய்விட்டார். இதையெல்லாம் நான் நம்புகிறவன் இல்லை. பிறகு ஏன் செருப்பைக்கூடக் கழற்றாமல் கொல்லைக்கு ஓடினேன்?

ஜூன் 12

லீலா இன்றும் தானாகப் பேசவில்லை. எதைக் கேட்டாலும் "ம்", "சரிங்க", "இல்லீங்க". ஈப்போவில், தாய்வீட்டில், இவளுடைய சம்மதத்தை யாராவது கேட்டார்களா, இல்லை கழுத்தை நீட்டு என்று சொல்லிவிட்டார்களா? அவளையே கேட்கலாம். "இல்லீங்க" என்பாள். எதற்கு இல்லை என்று புரியாமல் நான் விழிக்கவேண்டும்.

ஜூன் 15

ஒரு கிளையை நடுவதற்கு இத்தனை சட்டமா? கடையில் கணக்கெழுதும் தில்லையம்பலம் யாழ்ப்பாணத்துக்காரர். வெட்டிய கிளையை நிழலில் சாய்த்துவைத்து, வெட்டுவாய் காய்ந்த பிறகுதான் நடவேண்டுமாம். பக்கத்து வீட்டு நூருன்னிசா அக்கா, வருஷக் கடைசி மழை தொடங்கும்போது நட்டிருக்கவேண்டும் என்கிறார். அம்மாவோ நல்ல நாள் பார்த்து நட்டதில் பிழையே இல்லை என்று சாதிக்கிறார். யார் சொல்வது சரி?

எதற்கும் இருக்கட்டும் என்று ஒரு வாளி தண்ணீர் ஊற்றிவிட்டு வந்தேன். யாரும் பார்க்கவில்லை.

ஜூன் 23

தினமும் சாயங்காலம் ஒரு வாளி. துளிர் இல்லை. மண் மட்டும் எப்போது தொட்டாலும் சொதசொதவென்று இருக்கிறது. மழையும் கிடையாது. அடியில் ஊற்று ஏதாவது இருக்குமோ?

ஜூலை 2

ஒரு துளிர் விட்டிருக்கிறது. லீலாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். குனிந்து வெகுநேரம் பார்த்தாள். கண் கலங்கியிருந்தது. சந்தோஷமா, இல்லை மாட்டிக்கொண்டோமே என்றா?

ஜூலை 9

கறுத்து உதிர்ந்துவிட்டது. அம்மா சாப்பிடவில்லை.

ஜூலை 16

நாளை ஆடி பிறக்கிறது. லீலாவின் அப்பா வந்து அழைத்துப்போனார். ஆடிக்குப் புதுப்பெண் தாய்வீடு போவது வழக்கம்தான். ஆனால் இருந்த சேலை அத்தனையையும் பெட்டியில் அடுக்கினாள் — ஒரு மாதத்துக்கு எதற்கு இவ்வளவு? தஞ்சோங் பகார் ஸ்டேஷனில் ரயில் நகரும்போது ஜன்னல் வழியே "பார்த்துக்குங்க" என்றாள். எதை? அம்மாவையா, வீட்டையா, என்னையேவா?

திரும்பி வருவியான்னு ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்ல. வாயில என்ன கொழுக்கட்டையா இருந்துச்சு எனக்கு?

ஜூலை 20, ஞாயிறு

மத்தியானம் அம்மா கண்ணயர்ந்திருந்தார். நூருன்னிசா அக்கா வாளியோடு எங்கள் கொல்லைக்கு வந்து அரசாணிக்காலுக்குத் தண்ணீர் ஊற்றினார். ஏனென்று கேட்டேன்.

"லீலா சொல்லிட்டுப் போச்சு தம்பி. தெனமும் இந்த நேரத்துக்கு அதுதான் ஊத்துமாம். நான் வர்ற வரைக்கும் விட்டுடாதீங்கக்கான்னு கையப் புடிச்சிக்கிட்டுச் சொல்லிச்சு."

நான் வர்ற வரைக்கும்!

பேச்சுக் கேட்டு எழுந்துவந்த அம்மா, தானும் விடியற்காலையில் ஊற்றிவந்ததை மெதுவாகச் சொன்னார். நானும் ஒப்புக்கொண்டேன். அம்மா விடியலில், லீலா மத்தியானம், நான் சாயங்காலம். ஒருவருக்கொருவர் தெரியாமல். கிளையைப் பிடித்து லேசாக அசைத்தேன். கையோடு வந்துவிட்டது. அடியெல்லாம் அழுகல். அம்மா தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார். எனக்கு உள்ளுக்குள் குதிக்கவேண்டும்போல இருந்தது. அதை அம்மாவிடம் எப்படிச் சொல்வது?

ஆகஸ்ட் 10

வேறு கிளையை நட்டுவிட்டு அதுதான் இது என்று சொல்லிவிடலாம் என்கிறார் அம்மா. எனக்கு மனம் வரவில்லை. வெறும் குழியைப் பார்த்தால் அவள் என்ன நினைப்பாள் என்றும் பயமாக இருக்கிறது. தில்லையம்பலத்திடம் கேட்டு ஒரு கிளை வாங்கி நிழலில் சாய்த்து வைத்திருக்கிறேன். நடவில்லை. அவள் வரட்டும்.

ஆகஸ்ட் 19

லீலா வந்துவிட்டாள். ஈப்போவிலிருந்து ஒரு கூடை பம்ப்ளிமாஸ் பழம் கொண்டுவந்தாள். முதலில் குழியைக் காட்டி எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். யார் யார் ஊற்றினோம் என்று சொன்னதும் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். அவள் சிரித்து நான் பார்த்ததே இல்லை.

சாயங்காலம், வெட்டுவாய் காய்ந்திருந்த புதுக் கிளையை இருவருமாக நட்டோம். இனி யாரும் அதன் பக்கம் வாளியோடு போகக்கூடாது என்று அம்மா கண்டிப்பாகச் சொன்னார். சொல்லி வாய் மூடவில்லை, மழை பிடித்துக்கொண்டது. மூவரும் பின்வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தோம்.

"நான் ஊத்தல அத்தை" என்றாள் லீலா.