வராத கடைசி ரீல்

என் பாசத்துக்குரிய அண்ணே,

அம்மாவுக்கு உன் போட்டோ அடையாளம் தெரியவில்லை. மாலையைப் பார்த்துவிட்டு, "யாரு வீட்டுப் புள்ளலா, பாவம்" என்கிறாள். உன் பெயரும் போய்விட்டது. ஒன்றுதான் மிச்சம். "ஒரு பையன் மைக்குல கதை சொன்னானே, அந்த நிலா படம், அதப் போடுடி."

உனக்கு ஞாபகம் இருக்கிறதா? கரங்கான் பக்கம் நம் எஸ்டேட் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் போடுவார்கள். பக்கத்து எஸ்டேட்டில் ஓடி முடிந்த ரீல் மோட்டார் சைக்கிளில் நம்மிடம் வரும். அன்றைக்குக் கடைசி ரீல் வரவே இல்லை. சனம் கத்தியது. நீ மைக்கைப் பிடித்து, நிலாவுக்குப் போனவன் வீடு திரும்பிய கதையை உன் வாயாலேயே சொல்லி முடித்தாய். அம்மா பெருமையில் அழுதாள்.

அந்தப் படம் கிடைத்தால் அம்மாவுக்கு நீயும் கிடைப்பாய் என்று, மூன்று மாதமாக இணையத்தில் பழைய படக் களஞ்சியங்களைத் துழாவுகிறேன். தகர ராக்கெட், கவிழ்த்த வாணலி மாதிரி பறக்கும் தட்டு, கட்டித் தொங்கவிட்ட நூல்கூடத் தெரிகிறது. சிரிக்க உட்கார்ந்தவள் லயித்துப்போகிறேன். அட்டை நிலாதான், ஆனால் அதில் கால் வைக்கிறவன் முகத்துப் பயம் நிஜம். நீ இருந்திருந்தால் இதையெல்லாம் பார்த்துக்கொண்டு வேலைக்கே போயிருக்க மாட்டாய்.

நம் படம் மட்டும் அகப்படவில்லை. நான் ஒரு மடச்சி. திரும்பி வருகிறவன் கதையையே தேடினேன். கதைச் சுருக்கத்தில் வேறு முடிவு எழுதியிருந்த படங்களை எல்லாம் பார்க்காமலே தள்ளிவிட்டேன்.

போன வாரம் தள்ளியதில் ஒன்றைத் திறந்தேன். மீன் தொட்டி மாதிரி, அன்று திடலில் பார்த்த அதே தலைக்கவசம். அதே படம். ஆனால் அவன் திரும்பவில்லை, அண்ணே. மற்றவர்கள் கிளம்பிப் போக, கையாட்டிக்கொண்டு நிற்கிறான். போன வருஷம் பேக்டரிக்குக் காவலுக்கு, ஜாகா வேலைக்குக் கிளம்பிய நீயும் அப்படித்தானே கையாட்டினாய், திரும்பவில்லையே?

அம்மாவுக்குப் போட்டேன். கண் எடுக்காமல் பார்த்தாள். கடைசிக் கட்டம் வருமுன் பயந்து நிறுத்திவிட்டேன்.

"அப்புறம்? வீட்டுக்கு வந்துட்டானா?"

நீ சொன்னதைச் சொல்லப் பார்த்தேன், பாதிதான் வந்தது. அவன் கதவைத் தட்டினான் என்றாயே, திறந்தது யார்? இதை நான் யாரிடம் போய்க் கேட்பேன்?

"ஒனக்குத் தெரியல. அந்தப் பையன வரச் சொல்லு" என்றாள்.

தினமும் கேட்கிறாள். தினமும் அதே இடத்தில் நிறுத்துகிறேன். அவள் இருக்கும்வரை அந்த முடிவை அவள் கண்ணில் காட்ட மாட்டேன், இது உனக்கு நான் தரும் வாக்கு. "ரீல் வருதும்மா, மோட்டார்ல ஏத்திட்டாங்களாம்" என்று சொல்லிக்கொண்டே இருப்பேன்.

பாடாங் செராயிலிருந்து,
பாதிக் கதையோடு நிற்கும் உன் தங்கச்சி,
சரசு