ஓசூருக்குப் போக வர டீசல்

ஆடி 2, ஞாயிறு

காலையிலிருந்து காற்று. குடமுருட்டி ஆற்றில் தண்ணீர் இல்லை, மணல்தான் பறந்து வந்து வீடு முழுக்க விழுகிறது. மேட்டூர் அணை இன்னும் திறக்கவில்லை. இரண்டு தடவை பெருக்கியாயிற்று. மூன்றாம் தடவை பெருக்க மாட்டேன்.

இன்றைய வேலை: ஓசூர் போய் வர டீசல் எவ்வளவு ஆகும் என்று பார்ப்பது.

தூரம், லாரி ஆபீஸில் கேட்டு எழுதியது:
பாபநாசம் – தஞ்சாவூர் 25
தஞ்சாவூர் – திருச்சி 55
திருச்சி – நாமக்கல் 90
நாமக்கல் – சேலம் 55
சேலம் – தர்மபுரி 65
தர்மபுரி – கிருஷ்ணகிரி 48
கிருஷ்ணகிரி – ஓசூர் 52
ஆக 390 கி.மீ.

கமலம் ஓசூர் போய்ப் பதினோரு மாதம். மருமகள் பிரசவத்துக்கு மூன்று மாதம் என்று சொல்லித்தான் மகன் இளங்கோ தன் அம்மாவை அழைத்துப் போனான். பிள்ளை பிறந்து, தவழ்ந்து, இப்போது சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்கிறதாம். என் பெண்டாட்டியைத்தான் திருப்பி அனுப்பக் காணோம். நானே போய் அழைத்து வருவது என்று முடிவு. என் காரில். பஸ்ஸில் போய் இறங்கினால் விருந்தாளி. காரில் போய் இறங்கினால் வீட்டுக்காரன்.

ஆயில் என்ஜின் கணக்கு எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். பம்புசெட்டு வாடகைக்கு விட்டே இருபத்தாறு வருடம் ஓட்டியவன். ஐந்து குதிரைசக்தி என்ஜின் மணிக்கு ஒரு லிட்டர் குடிக்கும். என் கார் முப்பத்தேழு குதிரை. மணிக்கு ஏழரை. பத்து மணி நேரப் பயணம். எழுபத்தைந்து லிட்டர். டாங்கு கொள்ளுவதே ஐம்பத்து நாலு.

எங்கேயோ உதைக்கிறது. மறுபடி போட்டேன். அதே எழுபத்தைந்து.

ஆடி 3, திங்கள்

ஹக்கீமின் எஸ்.டி.டி. பூத். சவுதியில் பதினாலு வருடம் டிரைவராக இருந்துவிட்டு வந்து பூத் வைத்திருக்கிறார். கண்ணாடி அறை, ஏ.சி., சுற்றுகிற நாற்காலி. கணக்குத் தாளைக் காட்டினேன். படித்துவிட்டு நெற்றியைத் தடவிக்கொண்டார்.

"மாமா, கிலோமீட்டர்ல போடுங்க மாமா. ஓசூருக்கு என்ன தண்ணி இறைக்கவா போறீங்க?"

போன் பேசக் காத்திருந்த நாலு பேரும் சிரித்தார்கள். அதில் ஒருவன் என்னிடம் என்ஜின் வாடகைக்கு எடுத்தவன்.

"ஏழு வருஷமா வண்டி ஓட்டுறீங்க. லிட்டருக்கு எவ்வளவு குடுக்குதுன்னு தெரியாதா?"

தெரியாது. தெரிந்துகொள்ள அவசியம் வரவில்லை. கல்யாணத்துக்கு, ஆஸ்பத்திரிக்கு, எல்லாம் உள்ளூர் ஓட்டம், மணி வாடகை. முள் இறங்கினால் பத்து லிட்டர். அவ்வளவுதான்.

"டாங்க வாய் வரைக்கும் ரொப்புங்க. ஓட்டுங்க. மறுபடி வாய் வரைக்கும் ரொப்புங்க. வண்டியே சொல்லும்."

இதுகூடத் தெரியாதவன் மாதிரி எனக்குச் சொல்லிக்கொடுக்கிறார். யோசனை சரிதான். நானே யோசித்திருப்பேன்.

பிறகு ஓசூருக்குப் போன். இளங்கோ எடுத்தான். அம்மா மாவு அரைத்துக்கொண்டிருக்கிறாளாம், கை ஈரமாம்.

"துடைச்சிட்டு வரச் சொல்லு."

"பதினாலு வீட்டுக்குக் குடுக்கணும்ப்பா. அப்புறம் பேசச் சொல்றேன்."

பதினாலு வீட்டுக்கு மாவு விற்கிறாள். எனக்குச் சேதி இல்லை.

"ஞாயித்துக்கிழமை கார்ல வர்றேன். அவளைத் தயாரா இருக்கச் சொல்லு."

"அம்மாவக் கேட்டீங்களாப்பா?"

"என்னத்தைக் கேக்கறது? அவ வீடு இங்க இருக்கு."

"கேளுங்க. அப்புறம், இந்த வயசுல அவ்வளவு தூரம் ஓட்டிக்கிட்டு வராதீங்க. பஸ்ல வாங்க."

வைத்துவிட்டேன். இந்த வயசு என்றால் எந்த வயசு. அறுபத்தெட்டு.

ஆடி 5, புதன்

சோதனை ஓட்டம். ஹக்கீமும் அவர் மனைவி மும்தாஜும் நாகூர் தர்காவுக்குப் போவதாக இருந்தார்கள். பஸ்ஸில் போக வேண்டாம், ஏறுங்கள் என்றேன். டாங்கு வாய் வரைக்கும் நிரப்பியது.

கும்பகோணம் தாண்டியும் பச்சை இல்லை. போர் வைத்திருக்கிறவன் வயல் மட்டும் அங்கங்கே திட்டுத் திட்டாக. திருவாரூர் பக்கம் ஒரு டீக்கடையில் நின்றோம். கார் மறுபடி கிளம்பியதும் பின் சீட்டிலிருந்து மும்தாஜ் கேட்டது:

"ஏன் மாமா, கமலம்மா இந்த வண்டில ஒரு தடவகூட ஏறினதில்லையாமே? நெசமா?"

"நீ சும்மா வர மாட்டியா?" என்றார் ஹக்கீம்.

"கேட்டேன், அவ்வளவுதானே. அவங்கதான் சொன்னாங்க."

நாகூர் வரைக்கும் டீசல் முள்ளையே பார்த்துக்கொண்டு ஓட்டினேன்.

நிஜம்தான். ஏறினதில்லை. இங்கே எழுதுவதில் என்ன. கமலத்தின் அப்பா அவள் பெயரில் எழுதி வைத்த மூன்று மா நிலத்தை, ஏறக்குறைய ஒரு ஏக்கரை, விற்று வாங்கிய கார் இது. ஊரெல்லாம் கரண்ட் மோட்டார் வந்தது, அப்புறம் இருநூறு அடி போர் வந்தது. என் ஆயில் என்ஜின் நாலும் கொட்டகையில் துருப்பிடித்தன. வேறு தொழில் வேண்டாமா. அவளைக் கேட்காமல் விற்றேன் என்று பேச்சு. பொய். கேட்டேன். நெல் காயப்போட்டு, காலால் துழாவிக்கொண்டிருந்தாள். "உங்க இஷ்டம்" என்றாள். இஷ்டம் என்றால் சம்மதம். வேறு என்ன அர்த்தம். ரிஜிஸ்டர் ஆபீஸில் கையெழுத்துப் போட்டதும் அவள்தான். அங்கிருந்து வீடு வரைக்கும் வெயிலில் நடந்தே வந்தாள். நான் சைக்கிளில் பின்னாலேயே வந்தேன்.

கார் வந்த அன்று ஆரத்தி எடுத்தாள். பூசணிக்காய் உடைத்தாள். ஏறு என்றேன். அடுப்பில் பால் இருக்கிறது என்றாள். ஏழு வருடமாக அந்தப் பால் அடுப்பில் இருக்கிறது.

நிலத்தை வாங்கினவன் சிங்கப்பூர்க்காரன். போன தையில் வெள்ளைக் கல் நட்டு மனை போட்டு, முகப்பில் வளைவு கட்டி, 'நகர்' என்று பெயர் எழுதிவிட்டான். கமலத்துக்கு இதைச் சொல்லவில்லை. சொல்லி என்ன ஆகப்போகிறது.

திரும்பி வந்து நிரப்பினேன். 168 கி.மீ., 14 லி. லிட்டருக்குச் சரியாகப் பன்னிரண்டு. ஹக்கீம் டீசல் காசு நீட்டினார். வாங்கவில்லை. சோதனை என்னுடையது.

ஆடி 6, வியாழன்

390 / 12 = 32.5 லி. போக.

வர: அதே 32.5. ஆனால் போகும்போது நான் ஒரு ஆள். வரும்போது? இரண்டு ஆள் என்றால் பாரம் கூடும். மூட்டை முடிச்சு வேறு. ஒரு ஆள் என்றால் கூடாது. அந்த இடத்தை எழுதாமல் விட்டிருக்கிறேன்.

ஐம்பத்தைந்து கிலோ மனுஷிக்கு என்ன பெரிய டீசல் ஆகிவிடும். கால் லிட்டர் இருக்குமா. இதற்கு இவ்வளவு யோசனை.

இன்று செய்தவை:
ரேடியேட்டர் தண்ணீர், பேட்டரி தண்ணீர்.
ஸ்டெப்னி காற்று. நாலு சக்கரமும் ஆட்டிப் பார்த்தது.
பின் சீட்டு உறை துவைத்தது. காயவில்லை, காற்றில் மணல் ஒட்டிக்கொண்டது. மறுபடி துவைத்தது.
சாப்பாடு: காலையில் பழையது. மத்தியானம் மறந்துவிட்டது.
இரண்டு தடவை பூத் வரைக்கும் போய், உள்ளே போகாமல் திரும்பியது.

ஆடி 8, சனி

ஹக்கீம் சைக்கிளில் வந்து, ஓசூரிலிருந்து அழைத்தார்கள், பத்து நிமிடத்தில் மறுபடி அழைப்பார்கள் என்றார். சட்டை மாட்டிக்கொண்டு ஓடினேன். ஓடினேன் என்று எழுத வேண்டியதில்லை. போனேன்.

கமலம்.

"சாப்பிட்டீங்களா?"

"ஆச்சு. நாளைக்கு வர்றேன்."

"இளங்கோ சொன்னான். எவ்வளவு டீசல் ஆகுமாம்?"

இதை இவள் ஏன் கேட்கிறாள். ஹக்கீம் சொல்லியிருப்பார், மாமா ஒரு வாரமாகக் கணக்குப் போடுகிறான் என்று.

"போக முப்பத்திரண்டரை."

"வர?"

மீட்டர் ஓடிக்கொண்டிருந்தது அவள் பக்கம்.

"வர எவ்வளவுன்னு கேட்டேன்."

"அது நீ சொன்னாத்தான் தெரியும்" என்றேன்.

குழந்தை எதையோ தட்டிக்கொண்டிருந்தது கேட்டது.

"சேலம் தாண்டினா தொப்பூர் மலை இருக்கு. நான் வந்த பஸ்ஸே மூச்சு வாங்கிச்சு. போறதுக்கு ரெண்டு லிட்டர் சேத்துப் போட்டுக்குங்க" என்றாள். வைத்துவிட்டாள்.

வருகிறேன் என்றும் சொல்லவில்லை, வர மாட்டேன் என்றும் சொல்லவில்லை. ஹக்கீம் முகத்தைப் பார்க்காமல் வெளியே வந்தேன்.

ஆடி 9, ஞாயிறு. ஓசூர்.

விடியும் முன் கிளம்பி, மூன்றரைக்கு வந்து சேர்ந்தது. வழியில் இரண்டு இடத்தில் மட்டும் நின்றேன். திருச்சி தாண்டிக் காவிரியைத் தூரத்தில் பார்த்தேன், அங்கேயும் மணல். தொப்பூரில் இரண்டாவது கியர், மூன்றாவது கியர், மறுபடி இரண்டாவது. முன்னால் லாரி, பின்னால் லாரி.

இங்கே குளிர்கிறது. ஆடியில் குளிர்.

ஊருக்குள் வந்ததும் நிரப்பிப் பார்த்தேன். முப்பத்து நாலரை. கமலம் சொன்ன இரண்டு லிட்டர் சரியாக இருக்கிறது. இங்கே எழுதி வைக்கிறேன். வாயால் சொல்ல மாட்டேன்.

மாடி வீடு. படி ஏறும்போதே கிரைண்டர் சத்தம். கமலம் வந்து செம்பில் தண்ணீர் கொடுத்தாள். இளைத்திருக்கிறாள். இல்லை, நிமிர்ந்திருக்கிறாள். பேத்தி என்னைப் பார்த்து அழுதது. மருமகள் சுதா கம்பெனி அடையாள அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, "வாங்க மாமா, ஷிப்ட்டுக்கு நேரமாயிடுச்சு" என்று கும்பிட்டுவிட்டு ஓடினாள். ஞாயிற்றுக்கிழமையும் ஷிப்ட். ஆறு மணிக்குள் பதினாலு வீட்டு ஆட்களும் தூக்கோடு வந்து போனார்கள். "பாட்டிம்மா, புளிக்காததா குடுங்க." எல்லாரிடமும் சிரித்துப் பேசுகிறாள். என்னிடம் "காப்பி போடவா?" மட்டும்.

ஆடி 10, திங்கள். ஓசூர்.

இளங்கோ வேலைக்குப் போனதும் நானே ஆரம்பித்தேன்.

"மூணு மா நிலத்துலயும் மனை போட்டுட்டான். கல்லு நட்டாச்சு."

"தெரியும். மும்தாஜ் போன்ல சொல்லிச்சு."

"காரை விக்க மாட்டேன்."

"யாரு விக்கச் சொன்னா? ஓட்டுங்க. நான் ஏற மாட்டேன், அவ்வளவுதான்."

"அன்னிக்குக் கேட்டேனே. 'உங்க இஷ்டம்'னு நீதானே சொன்ன?"

அரிசி களைந்துகொண்டிருந்தவள் கையை நிறுத்தினாள். "ஆமா. என் இஷ்டம்னு சொல்லலையே" என்றாள்.

முப்பத்தொன்பது வருடக் குடித்தனத்தில் இதை இப்போதுதான் சொல்கிறாள். தப்பு என்று நினைக்கிறேனா? இல்லை. வேறு வழி இருந்ததா? இல்லை. ஆனாலும் கீழே போய், பார்த்த ரேடியேட்டர் தண்ணீரையே மறுபடி பார்த்துவிட்டு வந்தேன்.

பிறகு அவளே சொன்னாள். பிள்ளையை அடுத்த மாதம் பகல் நேரக் குழந்தைகள் காப்பகத்தில் விடுகிறார்கள். அவள் ஆவணியில் ஊருக்கு வருவதாகத்தான் இருந்தாளாம், நான் வந்தாலும் வராவிட்டாலும். ஊரில் மாவு வியாபாரம். "நீங்க மூணு மாவ வித்தீங்க. நானும் மாவு வித்து, அங்க இல்லேன்னா வேற எங்கயாவது ஒரு மா நிலமாச்சும் வாங்கறேன். என் பேர்ல."

"அப்ப நான் இவ்வளவு தூரம் வந்தது?"

"நல்லதாப் போச்சு. அடுத்த மாசம் வரைக்கும் பிள்ளையச் சுதா அம்மா வந்து பாத்துக்குவாங்க. கிரைண்டர எப்படிக் கொண்டுபோறதுன்னுதான் முழிச்சிக்கிட்டிருந்தேன். பஸ்ல ஏத்த மாட்டான். கல்லு மட்டும் ரெண்டு ஆள் தூக்கணும்."

ஆக ஏற்பாடு: காலை கும்பகோணம் பஸ்ஸில் அவள். பாபநாசம் வழியாகப் போகிற பஸ். பின்னால் காரில் நான். பின் சீட்டில் கிரைண்டர். இளங்கோ இரவு வந்து கேட்டுவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டான். "ஊரு சிரிக்கும்." சிரிக்கட்டும். ஹக்கீம் பூத்தில் ஏற்கெனவே சிரித்தாயிற்று.

வர: 32.5, கிரைண்டர் பாரம், பஸ் பின்னாலேயே நின்று நின்று ஓட்டுவது. 36 போட்டிருக்கிறேன்.

ஆடி 11, செவ்வாய். சேலம் பஸ் ஸ்டாண்டு வெளியே, காருக்குள்.

கல்லைக் கயிறு போட்டு சீட்டோடு கட்டியது. தர்மபுரி வரைக்கும் பஸ் கண் முன்னால். இடது பக்கம் நாலாவது ஜன்னல். மூன்று தடவை திரும்பிப் பார்த்தாள், கல்லுக்காக இருக்கும். தொப்பூர் இறக்கத்தில் பஸ்காரன் பறந்துவிட்டான். வளைவுக்கு வளைவு லாரி. அரை மணி நேரம் பஸ்ஸைக் காணோம். அந்த அரை மணி நேரம் எப்படி ஓட்டினேன் என்று எழுத முடியவில்லை.

இங்கே நின்றுகொண்டிருந்தது. இறங்கி வந்து முதலில் கயிற்றை இழுத்துப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள்.

"மூஞ்சி ஏன் இப்படி இருக்கு? தண்ணி குடிங்க. பஸ்ஸத் துரத்தாதீங்க. எனக்கு வீடு தெரியாதா?"

"நீ முன்னாடி போய் வாசல்ல நிக்கணுமே."

"நின்னா என்ன?"

இடுப்பிலிருந்த வீட்டுச் சாவியை எடுத்துக் கொடுத்தேன். வாங்கி முந்தானையில் முடிந்துகொண்டாள். விசில் கேட்டது. பஸ் படியில் காலை வைத்தவள் திரும்பி, "தோசைக்கல்லு எங்க வச்சிருக்கீங்க?" என்றாள். நான் வாயைத் திறப்பதற்குள் பஸ் நகர்ந்துவிட்டது.

அலமாரியில் மேல் தட்டு, முறத்துக்குப் பின்னால். நாமக்கல்லில் பஸ் நின்றால் சொல்ல வேண்டும்.