ஐந்தாவது படத்தின் எழுத்துகள்

நானா,

நீங்கள் கண்மூடிய பிறகு உங்கள் மகள் கொடுத்தனுப்பிய உங்கள் பிரெஞ்சு அகராதியைத் திறந்ததும் கிராம்பு வாசனை வந்தது. மைக்கைப் பிடிக்கும் முன் தொண்டைக்காக ஒரு கிராம்பை வாயில் ஒதுக்கிக்கொள்வீர்கள். அகராதிக்குள்ளும் நாலைந்து கிடக்கின்றன. இதை ஏன் கேட்டு வாங்கினேன் என்று அவளிடம் சொல்லவில்லை. உங்களிடம் சொல்லியாக வேண்டும்.

எழுபதுகளின் கடைசியில் நம் திரைப்படக் கழகத்துக்கு அந்த இத்தாலிய இயக்குநரின் படங்களைக் கொண்டுவந்தது நான். ஆறாம் வகுப்போடு படிப்பு நின்றவன். அவரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் எழுத்துக்கூட்டிப் படித்திருந்தேன். ஐந்து படங்களையும் அவர் எடுத்த வரிசையிலேயே காட்ட வேண்டும், ஒரு மனிதன் எப்படி மாறிக்கொண்டே போனான் என்று காரைக்கால் பார்க்க வேண்டும் என்பது என் பிடிவாதம். புதுச்சேரியிலிருந்து பஸ்ஸில் படச்சுருள் தகரப்பெட்டியில் வரும். படத்தின் அடியில் ஓடும் பிரெஞ்சு எழுத்தை, சைகோனில் கடை வைத்திருந்தபோது கற்ற பிரெஞ்சைக் கொண்டு, நீங்கள் உடனுக்குடன் மைக்கில் தமிழில் சொல்வீர்கள். அம்பகரத்தூரிலிருந்துகூட ஆள் வந்தது உங்கள் குரலுக்காகத்தான். அது எனக்குத் தெரியும். ஒத்துக்கொள்ளவில்லை.

முதல் படத்தில் கதை இருந்தது. இரண்டாவதில் பாதிக் கதை. மூன்றாவதில் நடிகர்களே இல்லை. காரை பெயர்ந்த ஒரு சுவர் ஐந்து நிமிடம் அசையாமல் நின்றது. கூட்டம் இருமத் தொடங்கியதும் நீங்கள் மைக்கில், "இது அவன் உம்மா பொறந்த வூடு. இத வித்துட்டுதான் படம் எடுக்க வந்தான்" என்றீர்கள். முன்வரிசையில் ஓர் அம்மாள் மூக்கைச் சிந்தினாள். நான் புரொஜெக்டரை நிறுத்தினேன்.

"எழுத்தே வரலியே நானா, எதப் பாத்துப் படிச்சீங்க?"

"செவுத்தப் பாத்துதான் தம்பி. நீங்க படத்த ஓட்டுங்க, சனம் அழுவுதுல்ல."

எல்லோரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை.

நான்காவது படத்தில் பேச்சே அபூர்வம். பாதிக் கூட்டம் இடையிலேயே எழுந்து போனது. ஐந்தாவது வேண்டுமா என்று கழகக் கூட்டத்தில் கேட்டபோது நான் எழுந்து, "கட்டாயம் வேணும். அதுல ஒத்தச் சொல்லு இருக்காது. அந்தாளு போற போக்கு அப்படி. நானாவுக்கு வேலையே இல்ல" என்றேன். அந்தப் படத்தைப் பற்றி நான் ஒரு வரியும் படித்ததில்லை. நான்கைப் பார்த்து ஐந்தை நானே முடிவு செய்திருந்தேன். வேண்டாம் என்றவர்கள் கை தூக்கினார்கள். கடைசியாக, என்னைப் பார்க்காமல், நீங்களும். அந்த ஒரு கையில்தான் போயிற்று.

அதற்குப் பிறகு ஒரு பெருநாளில் பிரியாணிச் சட்டியோடு வாசலில் வந்து நின்றீர்கள்.

"இன்னும் கோவமா தம்பி?"

"ஆமாங்க" என்றேன். சட்டியை வாங்கிக்கொண்டேன்.

போன மாதம் புதுச்சேரியில் அந்த ஐந்தாவது படத்தைக் காட்டினார்கள். மூட்டுவலியோடு பஸ் ஏறிப் போனேன். முதல் காட்சியிலிருந்து கடைசி வரை அந்த மனிதர் பேசிக்கொண்டே இருக்கிறார், நானா. தன் பழைய படங்களை ஓட்டிக் காட்டி, ஒவ்வொன்றையும் பற்றிச் சொல்கிறார். அடியில் எழுத்து ஓயவே இல்லை. உங்களுக்கு மூச்சுவிட நேரம் இருந்திருக்காது. நம் சுவரும் வந்தது. எனக்கு ஒரு வரியும் புரியவில்லை.

குறுந்தட்டை வாங்கி வந்துவிட்டேன். நிறுத்தி நிறுத்தி, எழுத்துகளை நோட்டில் எழுதிக்கொண்டு, உங்கள் அகராதியில் ஒவ்வொரு சொல்லாகத் தேடுகிறேன். அந்தச் சுவருக்கு மட்டும் ஐந்து நாள் ஆயிற்று. 'இது யார் வீடு என்று எனக்குத் தெரியாது. மறுநாள் இடிக்கப்போவதாகச் சொன்னார்கள், எடுத்து வைத்தேன்.' உம்மாவும் இல்லை, விற்கவும் இல்லை, நானா.

நீங்கள் கை தூக்கியது தப்பு. நேரில் இருந்தாலும் அதைத்தான் சொல்வேன். ஆனால் அந்தக் கையைத் தூக்க வைத்தது என் வாய். இதை நேரில் சொல்லியிருப்பேனா, தெரியவில்லை.

இன்னும் நூற்றுக்கணக்கான வரிகள் கிடக்கின்றன. முடிக்காமல் விடமாட்டேன். வாசகசாலையில் ஐந்தையும் வரிசையாகக் காட்டுவேன், நாலு பேர் வந்தாலும் சரி. ஐந்தாவதற்கு மைக் முன்னால் நானே நிற்பேன். எழுத்தில் உள்ளதை மட்டும்தான் சொல்வேன், உங்களைப்போல ஒரு சொல்லும் கூட்டமாட்டேன்.

தொண்டைக்கு உங்கள் கிராம்பு ஒன்றை எடுத்துக்கொள்வேன்.